அனுமதி இல்லாமல் வேலைக்கு வராதவருக்கு பென்ஷன் உண்டா? மலையில் என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நீலகிரியில் அரசு அலுவலகங்களில் 31 வருடம் குப்பை கொட்டியவன் நான். கடைசிப் பன்னிரண்டு வருடம் கண்காணிப்பாளர் நாற்காலி, மேசை நிறைய பென்ஷன் கேட்டு அனுப்பும் கோப்புகள், அதாவது கருத்துருக்கள். ஓய்வு பெற்ற பிறகும் குன்னூர் மார்க்கெட்டில் காய் வாங்கப் போனால் யாராவது ஒருவர் பையைப் பிடித்து நிறுத்தி, "சார், என் அண்ணன் ரெண்டு வருஷம் வேலைக்குப் போகல, அவருக்கு பென்ஷன் வருமா?" என்று கேட்கிறார். மலைக்கு போஸ்டிங் ஆகிக் குளிர் தாங்காமல் கீழே இறங்கிப் போய்த் திரும்பாதவர்கள், பந்தலூர் பக்கம் யானைக்குப் பயந்து ஊருக்குப் போனவர்கள், குடியில் விழுந்தவர்கள், நிஜமாகவே படுக்கையில் கிடந்தவர்கள் என்று எல்லா வகையும் பார்த்திருக்கிறேன். ஒவ்வொருவரிடமும் நின்று பேசிக் கால் கடுக்கிறது, அதனால் எழுதி வைக்கிறேன். தனியாகச் சொல்லாத இடங்களில் எல்லாம் 2003 ஏப்ரல் 1-க்கு முன்பு வேலைக்கு வந்த, தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978-க்குள் வரும் மாநில அரசு ஊழியரைப் பற்றித்தான் பேசுகிறேன்.

தகவல் சொல்லாமல் சில மாதம் வரவில்லை. பென்ஷன் மொத்தமாகப் போய்விடுமா?

வராமல் இருந்ததாலேயே போகாது. பென்ஷனைக் கெடுப்பது பெரும்பாலும் அந்த நாட்கள் இல்லை, அந்த நாட்களுக்கு ஆணை எதுவும் போடாமல் கிடப்பில் விட்டதுதான். நான் பார்த்தவரை நூறு நாள் வராதவர் தண்டனையும் வாங்கிக்கொண்டு, காலத்தை வரன்முறை செய்துகொண்டு, மாதா மாதம் பென்ஷன் வாங்குகிறார். பதினெட்டு நாள் வராதவர், எஸ்.ஆர் என்கிற பணிப்பதிவேட்டில் அந்தப் பதினெட்டு நாளுக்கு ஒரு வரிகூட இல்லாமல், ஓய்வுக்குப் பிறகும் கருவூலத்துக்கும் ஆபீசுக்கும் நடந்துகொண்டிருக்கிறார்.

வரன்முறை என்றால் என்ன செய்வார்கள்?

வராத நாட்களை ஏதாவது ஒரு கணக்கில் அடக்க வேண்டும். உங்கள் கணக்கில் ஈட்டிய விடுப்பு இருந்தால் அது, மருத்துவச் சான்று இருந்தால் மருத்துவச் சான்றின் பேரிலான ஈட்டா விடுப்பு, இரண்டும் இல்லை என்றால் சம்பளமில்லாத அசாதாரண விடுப்பு. இதை அனுமதிக்க அதிகாரம் உள்ளவர் கையெழுத்திட்ட ஆணை வேண்டும், அது எஸ்.ஆரில் சிவப்பு மையோ நீல மையோ ஏற வேண்டும், இப்போது மின்னணுப் பணிப்பதிவேட்டிலும் ஏற வேண்டும். பேப்பர் எஸ்.ஆரில் ஒன்றும் கம்ப்யூட்டரில் ஒன்றுமாக இருப்பது இப்போதைய புதுத் தலைவலி.

எந்த விடுப்பில் அடக்குகிறார்கள் என்பது முக்கியம். சம்பளத்தோடு கூடிய விடுப்பு பென்ஷனுக்குச் சேரும். மருத்துவச் சான்றோடு போட்ட அசாதாரண விடுப்பும் சேரும். சான்று இல்லாமல் சொந்தக் காரணத்துக்காக என்று போட்ட அசாதாரண விடுப்பு பென்ஷனுக்கும் சேராது, இன்கிரிமென்ட்டும் அத்தனை நாள் தள்ளிப்போகும். விடுப்பாக ஏற்க முடியாது என்று பணி முறிவாகவே விட்டுவிட்டால்தான் ஆபத்து, ஏனென்றால் முறிவு மன்னிக்கப்படாவிட்டால் அதற்கு முன்னால் செய்த வேலையெல்லாம் கணக்கிலிருந்து போகிறது.

எவ்வளவு குறையும்? ஒரு கணக்குப் போட்டுக் காட்டுங்களேன்.

சரி. கடைசிச் சம்பளம் 60,000 ரூபாய், வேலைக்குச் சேர்ந்ததிலிருந்து ஓய்வு வரை 28 வருடம் 5 மாதம், நடுவே 2 வருடம் 7 மாதம் ஆள் இல்லை என்று வையுங்கள்.

நம் மாநிலத்தில் முழு பென்ஷனுக்கு 30 வருடம், அதாவது 60 அரையாண்டு. மூன்று மாதமும் அதற்கு மேலும் இருந்தால் ஒரு அரையாண்டாக எடுத்துக்கொள்வார்கள். ஆள் இல்லாத காலமே இல்லை என்றால் 57 அரையாண்டு, பென்ஷன் 28,500. அந்தக் காலம் சேராத விடுப்பாகப் போனால் மிச்சம் 25 வருடம் 10 மாதம், 52 அரையாண்டு, பென்ஷன் 26,000. பணிக்கொடை அரையாண்டுக்குக் கால் மாதச் சம்பளம், அகவிலைப்படியை விட்டுவிட்டுப் பார்த்தால் 8,55,000 வரவேண்டியது 7,80,000 ஆகும். வருத்தம்தான், ஆனாலும் குடும்பம் ஓடும்.

இப்போது அதே ஆள், அதே 2 வருடம் 7 மாதம், ஆனால் 17 வருட வேலைக்குப் பிறகு வந்த முறிவாக அது நின்றுவிட்டது. முன்னால் செய்த 17 வருடம் போச்சு. மிச்சம் 8 வருடம் 10 மாதம். பத்து வருடம் தகுதியுள்ள பணிக்காலம் இல்லாவிட்டால் மாத பென்ஷனே கிடையாது, ஒரே தடவை கொடுக்கும் தொகையோடு முடிந்தது. இரண்டு கணக்குக்கும் நடுவே இருப்பது ஒரு ஆணை, ஒரு தாள்.

சம்பளத்தைத்தான் பிடித்துவிட்டார்களே, அப்புறம் எதற்குக் குற்றச்சாட்டு?

வேலை செய்யாத நாளுக்குச் சம்பளம் இல்லை என்பது தண்டனை இல்லை, கணக்கு. ஏன் வரவில்லை என்று ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 17(ஏ)-யிலோ (சிறு தண்டனை) 17(பி)-யிலோ (பெரிய தண்டனை) கேட்பது வேறு விவகாரம். காலத்தைச் சம்பளமில்லா விடுப்பாக அடக்கிவிட்டதால் குற்றச்சாட்டும் கரைந்துவிட்டது என்று வாதாடியவர்கள் உண்டு. அது கணக்கு நேராவதற்காகச் செய்வது, தவறை மன்னித்ததாக ஆகாது என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் சொல்லிவிட்டது. அதனால் இரண்டையும் தனித்தனியாக முடிக்க வேண்டும். ஒன்று முடிந்தது என்று மற்றதை மறந்துவிடாதீர்கள்.

உண்மையிலேயே உடம்பு முடியவில்லை. லீவு லெட்டர் கொடுக்கக்கூட முடியாத நிலை. அதுவும் குற்றமா?

இல்லை. 2012-இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் தெளிவாகச் சொன்னது: அனுமதியில்லாமல் வராததெல்லாம் வேண்டுமென்றே வராதது ஆகாது, நோய், விபத்து, ஆஸ்பத்திரி மாதிரி கையை மீறிய காரணம் இருந்தால் அதைக் கடமை தவறியதாக எடுக்க முடியாது, வேண்டுமென்றேதான் வரவில்லை என்பதை விசாரணையில் நிரூபிக்க வேண்டியது துறையின் வேலை. மெமோவுக்குப் பதில் எழுதும்போது "குடும்பச் சூழ்நிலை காரணமாக" என்று ஒரு வரியில் முடிக்காதீர்கள். எந்தத் தேதியில் எந்த ஆஸ்பத்திரி, யார் கூட இருந்தார்கள், ஏன் தகவல் சொல்ல முடியவில்லை என்று விலாவாரியாக எழுதி, சீட்டு, பில், டிஸ்சார்ஜ் சம்மரி எல்லாவற்றின் நகலையும் வையுங்கள். கூடலூர்க்காரர்கள் பலர் பத்தேரிக்கும் கோழிக்கோட்டுக்கும் வைத்தியத்துக்குப் போகிறார்கள். பக்கத்து மாநில ஆஸ்பத்திரிச் சீட்டு என்பதற்காக அதை வெளியே எடுக்காமல் வைத்திருந்த ஒருவரை எனக்குத் தெரியும், கடைசியில் அவரைக் காப்பாற்றியது அந்தச் சீட்டுதான்.

மனநலம் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை, நானே சொல்கிறேன். வேலையில் இருக்கும்போது ஊனமோ மனநோயோ வந்தால் அதற்காக வேலையைவிட்டு அனுப்பக் கூடாது என்று 2016-ஆம் வருட மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு சொல்கிறது. அந்த வேலை செய்ய முடியாவிட்டால் வேறு வேலை, அதுவும் இல்லை என்றால் ஓய்வு வயது வரை கூடுதல் பணியிடம் உருவாக்கி வைத்துக்கொள்ள வேண்டும். வெட்கப்பட்டு மறைத்தால் அதே ஆள் "ஓடிப்போனவர்" ஆகிவிடுகிறார்.

மழை, மண்சரிவு, பஸ் இல்லை. அந்த நாட்களும் ஆப்சென்டா?

இது என் சொந்தக் கதை. 2009 நவம்பர் மழையில் நான் காரமடையில் மாட்டிக்கொண்டேன். குன்னூர் பாதையில் மண் சரிந்தது, ரயில் பாதையும் போனது, வீட்டில் பிரசவம் வேறு. பதினோரு நாள். திரும்பி வந்து லெட்டர் கொடுத்தேன், வாங்கியவர் மேசையில் வைத்தார், அது அங்கிருந்து எங்கே போனது என்று கடவுளுக்குத்தான் வெளிச்சம். ஒன்பது வருடம் கழித்து எஸ்.ஆரைச் சரிபார்த்தபோது அந்தப் பதினோரு நாள் வெள்ளையாகச் சிரித்தது. அடுத்தவன் கருத்துருவை எல்லாம் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்த எனக்கே இந்தக் கதி. பழைய வருகைப்பதிவேடு, அந்த வாரத்துச் செய்தித்தாள், பிரசவச் சீட்டு என்று பொறுக்கிச் சேர்த்து ஈட்டிய விடுப்பில் அடக்க ஏழு மாதம் ஆனது.

2019 ஆகஸ்ட் 8-ஆம் தேதி அவலாஞ்சியில் ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் மழை கொட்டியதே, அந்த வாரம் வேலைக்குப் போக முடியாதவர்கள் ஒரு தடவை எஸ்.ஆரைப் புரட்டிப் பாருங்கள். காரணம் ஊருக்கே தெரியும் என்பதால் பதிவு தானாக ஏறாது.

இத்தனை வருடம் வராவிட்டால் தானாகவே வேலை போய்விடும் என்கிறார்களே?

மத்திய அரசின் விடுப்பு விதிகளில் ஐந்து வருடத்துக்கு மேல் தொடர்ந்து வராதவர் ராஜினாமா செய்ததாகக் கருதப்படுவார் என்று உண்டு. ஆனால் "தானாகவே" என்பது பேச்சுக்குத்தான். அந்த விதிக்குள்ளேயே, அதைக் கையில் எடுக்கும் முன் காரணம் சொல்ல வாய்ப்புக் கொடுக்க வேண்டும் என்று இருக்கிறது. விடுப்பு முடிந்து வராதவரை நோட்டீஸ் இல்லாமல் விலக்கியது செல்லாது என்று 1966-இல் ராஜஸ்தான் வழக்கிலும், ஐந்து வருடம் வரவில்லை என்று சொல்லி ஒருவரை விலக்கி பென்ஷனை மறுத்தது தவறு என்று 1971-இல் பீகார் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. பென்ஷன் அரசு தரும் சன்மானம் இல்லை, உரிமை என்ற பேச்சு ஆரம்பித்தது அந்த 1971 தீர்ப்பில். 1982 டிசம்பர் 17 நகாரா தீர்ப்பு அதை இன்னும் அழுத்திச் சொன்னது, அந்த நாளைத்தான் ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகிறோம்.

நோட்டீஸ் வந்தால் வாங்குங்கள். தபால்காரரிடம் "ஆள் இல்லை" என்று சொல்லச் சொல்லித் திருப்பி அனுப்பினால் கதவில் ஒட்டிவிட்டு, நீங்கள் இல்லாமலேயே விசாரணை நடத்தி முடித்துவிடுவார்கள். அப்புறம் வாய்ப்பே தரவில்லை என்று சொல்ல முடியாது.

ராஜினாமா எழுதிக் கொடுத்துவிடு, தொல்லை விட்டது என்கிறார் ஆபீசில் ஒருவர். செய்யலாமா?

செய்யாதீர்கள். தயவுசெய்து செய்யாதீர்கள். ராஜினாமா என்ற ஒரு சொல் அதுவரை செய்த வேலை அனைத்தையும் பென்ஷன் கணக்கிலிருந்து துடைத்துவிடும். இருபது வருடம் கழித்து ராஜினாமா செய்துவிட்டு, அதை விருப்ப ஓய்வாக எடுத்துக்கொள்ளுங்கள் என்று கேட்டவரின் வழக்கில் 2019-இல் உச்ச நீதிமன்றமே முடியாது என்றுவிட்டது. உங்களுக்கு 50 வயதோ 20 வருடத் தகுதிப் பணிக்காலமோ இருந்தால் மூன்று மாத நோட்டீஸ் கொடுத்து விருப்ப ஓய்வு கேட்க வழி இருக்கிறது. ஒழுங்கு நடவடிக்கை நிலுவையில் இருந்தால் உடனே தர மாட்டார்கள், அதனால் முதலில் வேலையில் போய்ச் சேருங்கள், மெமோவை முடியுங்கள், பிறகு கேளுங்கள்.

17(பி) நிலுவையில் இருக்கும்போதே 60 வயது வந்துவிட்டது. என்ன ஆகும்?

முன்பெல்லாம் கடைசி நாள் மாலை, சால்வையும் மாலையும் மேசையில் காத்திருக்க, கையில் சஸ்பென்ஷன் ஆணையைக் கொடுப்பார்கள். ஒரு அலுவலகத்தில் அப்படி நடந்தபோது நானே கூட இருந்தேன், வாங்கி வைத்த மிக்சர் பாக்கெட்டை யாரும் பிரிக்கவில்லை. ஓய்வு நாளில் சஸ்பென்ட் செய்யும் வழக்கம் தவிர்க்கப்படும் என்று 2021-இல் அரசே சட்டசபையில் அறிவித்தது. ஓய்வில் போகவிட்டாலும் நடவடிக்கை தொடரும். அது முடியும்வரை தற்காலிக பென்ஷன் மட்டும் கிடைக்கும், பணிக்கொடை நிற்கும், பென்ஷனில் ஒரு பகுதியைத் தொகுத்து மொத்தமாக வாங்கும் கம்யூடேஷனும் நிற்கும். உங்கள் சொந்தப் பணமான ஜி.பி.எப்-பை நிறுத்தி வைக்க முடியாது, அதைக் கேட்டு வாங்குங்கள்.

எல்லாம் முடிந்து ஓய்வு பெற்றாகிவிட்டது. இப்போது பழைய ஆப்சென்டைத் தோண்டலாமா?

ஓய்வுக்குப் பிறகு புதிதாக நடவடிக்கை ஆரம்பிக்க அரசின் அனுமதி வேண்டும், நான்கு வருடத்துக்கு முந்தைய சம்பவத்தை எடுக்க முடியாது. விதி 9. இதை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். விதியின் துணை இல்லாமல், வெறும் நிர்வாகக் கடிதத்தைக் காட்டி பென்ஷனையோ பணிக்கொடையையோ நிறுத்த முடியாது, அது உங்கள் சொத்து என்று 2013-இல் ஜார்க்கண்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் கைக்கு உதவும்.

டிஸ்மிஸ் செய்துவிட்டார்கள். ஒன்றுமே கிடைக்காதா?

தண்டனையின் பெயரைப் பாருங்கள். கட்டாய ஓய்வு என்றால் பென்ஷன் உண்டு, மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாமல். பணிநீக்கம், பணியறவு என்ற இரண்டிலும் பழைய வேலை கணக்கில் வராது, பென்ஷன் இல்லை. ஆனாலும் ஒரு சின்னக் கதவு உண்டு, கருணைப்படி. வந்திருக்கக்கூடிய பென்ஷனில் மூன்றில் இரண்டு பங்கு வரை தரலாம். கேட்காமல் யாரும் தருவதில்லை. டெல்லி போலீஸ் கான்ஸ்டபிள் ஒருவர் வேலைக்கு வராததால் டிஸ்மிஸ் ஆகி, கருணைப்படியும் மறுக்கப்பட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார். வராமல் இருந்தது பணமோசடியோ ஒழுக்கக்கேடோ இல்லை, அந்த வித்தியாசத்தைப் பார்த்துத்தான் கருணைப்படியை முடிவு செய்ய வேண்டும் என்று 2014-இல் தீர்ப்பு வந்தது. மனுவில் இதை எழுதுங்கள், கூடவே அதுவரை செய்த நல்ல வேலை, வீட்டு நிலைமை எல்லாவற்றையும்.

கருத்துரு அனுப்பும்போது "அதிகச் சம்பளம் வாங்கியிருக்கிறீர்கள், திருப்பிக் கட்டுங்கள்" என்கிறார்கள்.

சம்பளமில்லா விடுப்பில் போனபோது இன்கிரிமென்ட்டைத் தள்ளிப்போட மறந்திருப்பார்கள். ஜனவரியில் போடக் கூடாததை ஜனவரியிலேயே போட்டு, அது இருபது வருடமாக வளர்ந்து நிற்கும். தவறு பில் போட்டவருடையது, கேட்பது உங்களிடம். 2014 டிசம்பரில் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்புப்படி கீழ்நிலைப் பணியாளரிடமும், ஓய்வு பெற்றவர் அல்லது ஒரு வருடத்துக்குள் ஓய்வு பெறப்போகிறவரிடமும், ஐந்து வருடத்துக்கு மேல் தொடர்ந்து தவறாகக் கொடுத்து வந்ததையும் பிடிக்கக் கூடாது. நீங்கள் பொய் சொல்லி வாங்கியிருந்தால் இந்தச் சலுகை இல்லை. சம்பளத்தைச் சரியான நிலைக்குக் குறைத்து அதன்படி பென்ஷன் போடுவதை மட்டும் தடுக்க முடியாது.

ஸ்ட்ரைக் நாட்கள்?

2003 ஜூலையில் ஒரே வீச்சில் ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை வீட்டுக்கு அனுப்பி, பிறகு பெரும்பாலோரைத் திருப்பி எடுத்தார்களே, அந்தக் காலப் பதிவுகள் இன்னும் சிலர் எஸ்.ஆரில் அரைகுறையாக இருக்கின்றன. பின்னால் வந்த 2016, 2017, 2019 போராட்ட நாட்களைப் பணிக்காலமாக எடுக்க 2021-இல் அறிவிப்பு வந்தது. உங்கள் புத்தகத்தில் ஏறியிருக்கிறதா என்பது மட்டுமே கேள்வி.

வராமல் இருந்த காலத்திலேயே அவர் இறந்துவிட்டார். குடும்பத்துக்கு?

வேலையைவிட்டு நீக்கும் ஆணை அதற்கு முன் வராத பட்சத்தில் அவர் அரசு ஊழியராகவே இறந்தார். நடவடிக்கை அவரோடு முடிகிறது, குடும்ப பென்ஷன் உண்டு. "அவர்தான் வரவே இல்லையே" என்று கவுன்டரில் யாராவது சொன்னால் எழுத்தில் கேளுங்கள், வாய்ப்பேச்சை நம்பித் திரும்பி வராதீர்கள். ஆள் காணாமல் போயிருந்தால் போலீசில் உடனே புகார் கொடுத்து எஃப்.ஐ.ஆர் வாங்கி வையுங்கள். ஏழு வருடம் காத்திருக்க வேண்டும் என்பது பழைய பேச்சு, மத்திய விதிகளில் புகார் கொடுத்து ஆறு மாதம் ஆனாலே குடும்ப பென்ஷன் கேட்கலாம். புகாரே கொடுக்காத குடும்பங்கள்தான் அலைகின்றன.

நான் 2003-க்குப் பிறகு வந்தவன், சி.பி.எஸ் என்கிற பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம்.

உங்கள் வழி வேறு. சி.பி.எஸ் வந்தபோது போட்ட கணக்கு மாதச் சந்தா பத்து சதவீதம், அரசு அதே அளவு. சம்பளம் இல்லாத மாதத்தில் உங்கள் பங்கும் இல்லை, அரசுப் பங்கும் இல்லை. கணக்குச் சீட்டில் எந்தெந்த மாதம் விடுபட்டது என்று பாருங்கள், வேலை செய்த மாதமே விடுபட்டிருக்கலாம். ஒழுங்கு நடவடிக்கை விஷயத்தில் மேலே சொன்னதெல்லாம் உங்களுக்கும் அப்படியேதான்.

அப்பா டேன்டீயில் (அரசுத் தேயிலைத் தோட்டக் கழகம்), மாமா அருவங்காட்டில். அவர்களுக்கும் இதே விதியா?

இல்லை. அருவங்காடு வெடிமருந்துத் தொழிற்சாலை 2021 அக்டோபரில் கம்பெனியாக மாறினாலும், பழைய ஆட்கள் மத்திய அரசு ஊழியர்களாகவே டெபுடேஷனில் இருந்தார்கள், அவர்களுக்கு மத்திய ஓய்வூதிய விதிகள். டேன்டீ தோட்டத் தொழிலாளிக்கு பி.எப்-பும் பணிக்கொடைச் சட்டமும். 1972-இல் வந்து 2025 நவம்பர் வரை இருந்த அந்தச் சட்டத்தில் ஒரு நல்ல வரி இருந்தது: லீவு சொல்லாமல் வராத நாளும் தொடர்ச்சியான வேலையில்தான் சேரும், அதைப் பணி முறிவு என்று நிலையாணைப்படி தனியாக ஆணை போட்டிருந்தால் தவிர. ஆக, "அந்த வருஷம் நீ வரல" என்று யாராவது கழித்தால், ஆணை எங்கே என்று கேட்கலாம்.

வழக்குப் போடுவதென்றால் எங்கே?

மாநில ஊழியருக்கு உயர் நீதிமன்றம். நீலகிரிக்காரர் சென்னைக்குப் போக வேண்டும், கொடைக்கானல்காரருக்கு மதுரைக் கிளை. மத்திய ஊழியருக்குச் சென்னையில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அதற்கு முன் மேல்முறையீட்டைத் துறைக்குள் முடியுங்கள்.

எஸ்.ஆரைக் காட்ட மாட்டேன் என்கிறார் எழுத்தர்.

அது உங்கள் புத்தகம். வருடா வருடம் நீங்கள் பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டியது. முதலில் நயமாகக் கேளுங்கள், பாவம் அவருக்கும் நாலு மேசை வேலை இருக்கும். இல்லை என்றால் பத்து ரூபாய் கோர்ட் ஸ்டாம்ப் ஒட்டி, தகவல் உரிமைச் சட்டத்தில் உங்கள் எஸ்.ஆர் முழு நகல் கேளுங்கள். வந்ததும் சேர்ந்த நாளிலிருந்து ஒவ்வொரு வருடமும் பணி சரிபார்ப்புப் பதிவு இருக்கிறதா என்று பென்சிலால் டிக் அடித்துக்கொண்டே வாருங்கள். டிக் விழாத வருடத்தை எடுத்துக்கொண்டு அந்த வருடம் நீங்கள் இருந்த அலுவலகத்துக்குப் போங்கள், அந்த அலுவலகம் கட்டிடம் மாறியிருந்தால் பழைய பதிவறைச் சாவி யாரிடம் என்று காவலரைக் கேளுங்கள், அவருக்குத் தெரிந்திருக்கும்.